உன் பெயர் சும்மா கிடக்கவில்லை

மகள், உனக்கு என் ஸலாம். இதையெல்லாம் போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் நம் வீட்டுச் சுவருக்கும் என் தங்கச்சி, உன் சாச்சி வீட்டுச் சுவருக்கும் நடுவில் ஒரு ஆள் நிமிர்ந்து நடக்க இடமில்லை என்பது உனக்குத் தெரியும். முன் அறையில் இருந்து நான் பேசினால் அவளுடைய அடுப்படியில் கேட்கும். கிணற்றடிக்குப் போனாலும் இந்த மாதம் காற்று அவள் பக்கமாகத்தான் அடிக்கிறது. அதனால் எழுதுகிறேன். யாருடைய பெயரையும் எழுதமாட்டேன், உன்னுடையதையும்கூட. நீ வாசித்து முடித்த பிறகு, உன்னைப் போல வெளிநாட்டுக்குப் போகக் காத்திருக்கிற கூட்டாளிமாருக்கும் இதைக் காட்டு. அவர்களுடைய உம்மாமார் எழுதாமல் விட்டதாக இருக்கலாம்.

அன்றைக்குப் புத்தளத்து வங்கியில் நடந்ததிலிருந்து தொடங்குகிறேன். நிக்காஹ் முடிந்து உன் மாப்பிள்ளை மெல்பனுக்குத் திரும்பிப் போயிருந்தார். உன் விசாவும் வந்துவிட்டது. அங்கே தாதியாக வேலை செய்ய இன்னொரு பரீட்சை எழுத வேண்டும், அதற்கான படிப்புக்கு ஒரு சின்னக் கடன் கேட்கலாம் என்று கொழும்பு ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் லீவு எடுத்துக்கொண்டு வந்தாய். நானும் கூட வந்தேன். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த அம்மா உன் அடையாள அட்டை இலக்கத்தைத் தட்டிவிட்டுத் திரையை மேலும் கீழும் பார்த்தார். பிறகு, "தங்கச்சி, உங்கட பேரில ஏற்கெனவே மூன்டு கடன் இரிக்குதே. ஒன்டு கட்டாமக் கிடக்குது" என்றார். நீ சிரித்தாய். வேறு யாரையோ சொல்கிறார் என்று நினைத்தாய். அவர் கம்பியூட்டரை நம் பக்கம் திருப்பினார். உன் இலக்கம், உன் முழுப் பெயர், நம் வீட்டு விலாசம், எல்லாம் சரியாக இருந்தன. தொலைபேசி இலக்கம் மட்டும் உன்னுடையதாக இருக்கவில்லை. அங்கேயே அதை மாற்றி உன்னுடையதைப் பதியச் சொல்லி ஒரு மனு எழுதிக் கொடுத்தாய். அது நல்ல வேலை. அதனால்தான் இந்தக் கடிதம் எழுதவும் நேரம் இருக்கிறது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் யன்னல் பக்கம் இருந்தாய். பஸ் பாலாவியைத் தாண்டியது. பிறகு என்னைப் பார்க்காமலே, "உம்மா, ஆரோ என்ட பேருக்குள்ள இரிக்காங்க" என்றாய். அதை நான் எத்தனை தடவை நினைத்துப் பார்த்தேன் என்று எண்ணவில்லை. வீட்டுக்கு வந்து முகம் கழுவிவிட்டு, "பரவாயில்ல, நான் போறன்தானே. விடுங்க" என்றும் சொன்னாய். நீ சொன்ன முதல் பேச்சு எனக்கு விளங்கியது. இரண்டாவதற்குத்தான் இப்போது பதில் எழுதுகிறேன்.

கடன் அறிக்கை என்பது என்ன என்று எனக்கே அன்றைக்குத்தான் ஒழுங்காகத் தெரியும். நீ எங்கே கடன் கேட்டாய், யார் தந்தார்கள், கட்டினாயா, விட்டாயா என்பதெல்லாம் ஒரே இடத்தில் உன் அட்டை இலக்கத்தின் கீழே சேருகிறது. அடுத்துக் கடன் கொடுக்கப் போகிறவர் முதலில் அதைத்தான் திறந்து பார்ப்பார். நீ எப்படிப்பட்ட ஆள் என்று உன்னைக் கேட்காமலே அது சொல்லிவிடும். நான் உபதபால் கந்தோரில் வேலைக்குச் சேர்ந்தது நீ பிறப்பதற்கு முன்பு. பதிவுத் தபால் ஒன்றைக் கொடுக்கும்போது, தினமும் காண்கிற ஆளாக இருந்தாலும் அட்டையைக் காட்டச் சொல்வேன். இதற்காக எத்தனை பேர் என்னை ஏசியிருக்கிறார்கள். "எங்கட வீட்டில சோறு தின்டவ, இப்ப எங்களிட்டயே அட்டை கேக்கிறா" என்று ஒருவர் ஒரு வருஷம் ஸலாம்கூடச் சொல்லாமல் போனார். கந்தோரில் அவ்வளவு இறுக்கமாக இருந்த நான், வீட்டில் உன் அட்டைப் பிரதியை எத்தனை பேருக்குக் கொடுத்தேன் என்று யோசித்தால் கணக்கு வரவில்லை. நம் ஒழுங்கையில் வெள்ளம் வந்தால், நிவாரணம் வந்தால், யாராவது ஒருத்தர் எல்லா வீட்டிலும் அட்டைப் பிரதிகளைச் சேர்த்துக் கொண்டுபோய்ப் பதிவார். எதற்கு என்று நாங்கள் கேட்பதில்லை. கேட்டால் பெருமை பிடித்தவள் என்பார்கள்.

நீ கொழும்புக்குத் திரும்பிய பிறகு வங்கி அம்மா அச்சடித்துத் தந்த அறிக்கையை நான் ஆறுதலாக வாசித்தேன். மூன்று கடனில் இரண்டு, பெண்கள் குழுவுக்குக் கொடுக்கிற கடன். ஐந்து பேர் சேர்ந்து ஒருவருக்கு ஒருவர் பிணை நிற்கிற வகை. அந்தக் கூட்டம் செவ்வாய்க்கிழமைகளில் நம் பள்ளிவாசலுக்குப் பின்னால், மீன் லொறிக்காரர் வீட்டு முற்றத்தில் நடக்கும். அடுத்த செவ்வாய் அரை நாள் லீவு போட்டுவிட்டுப் போய், கடைசிக் கதிரையில் இருந்தேன்.

"என்ன போஸ்ட் மிஸ், உங்களுக்கும் லோன் வேணுமா?" என்றாள் ஒருத்தி.

"வேணும்தானே, மகளை பிளேனில ஏத்தோணுமே" என்று இன்னொருத்தி பதில் சொன்னாள்.

"பிளேன்ல ஏத்துறவங்க எங்களோட ஏன் வந்து இரிக்காங்க? நாங்க பஸ்ஸுக்கே ஐஞ்சு பேர் சைன் வைக்கிற ஆக்கள்."

எல்லாரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். சிலாபம் பக்கத்திலிருந்து வருகிற அந்த அலுவலர் மோட்டார் சைக்கிளை நிறுத்திவிட்டு, தலைக்கவசத்தை மடியில் வைத்துக்கொண்டு பெயர்களைக் கூப்பிடத் தொடங்கினார். சிங்களவர், ஆனால் நம் தமிழ் நன்றாக வரும். ஒவ்வொருத்தியும் "ஓம்" என்றாள். பிறகு அவர் உன் பெயரைக் கூப்பிட்டார். வாப்பாவின் பெயரோடு சேர்த்து, முழுதாக.

"ஓம், இரிக்கேன்."

எனக்கு முன்னால் இரண்டு வரிசை தள்ளி இருந்தவள் உன் சாச்சி. திரும்பிப் பார்க்கவில்லை. தயங்கவும் இல்லை. நீண்ட காலமாக அந்தப் பெயரில் கூப்பிடப்பட்ட ஒருத்தி எப்படிச் சொல்வாளோ அப்படிச் சொன்னாள். அலுவலர் தலையைத் தூக்காமல் அடுத்த பெயருக்குப் போனார். முற்றத்தில் சிரிப்பு நின்றுவிட்டது. என் பக்கத்தில் இருந்தவள் தன் முந்தானையைச் சரிசெய்யத் தொடங்கினாள், அது ஏற்கெனவே சரியாகத்தான் இருந்தது. அங்கே இருந்த எல்லாருக்கும் தெரிந்திருக்கிறது மகள். எனக்கும் உனக்கும்தான் தெரியவில்லை. எழும்பி, அது என் மகளின் பெயர் என்று சொல்லியிருக்க வேண்டும். என்னால் முடியவில்லை. கூட்டம் முடியும் முன்பே எழும்பி வந்துவிட்டேன்.

அன்றைக்கே, நான் கூப்பிட முன்பே சாச்சி வந்துவிட்டாள். அடுப்படி வாசலில் நின்றாள்.

"ராத்தா, ஏசுங்க. சும்மா இரிக்காதீங்க, அதுதான் பயமா இரிக்கி."

"எப்ப இருந்து?"

"முந்தல்ல றால் பண்ணையில நோய் வந்து, இவருக்கு வேல இல்லாமப் போனதில இருந்து."

"அவட அட்டை உனக்கு எப்படி வந்த?"

"நீங்கதானே தந்த. வெள்ள நிவாரணத்துக்குப் பதிய என்டு நான் எல்லார்ட கொப்பியையும் சேத்த நேரம்."

"படம் அவடதானே. லோன் குடுக்கிறவன் பாக்கல்லயா?"

"பதினாறு வயசுப் படம் ராத்தா, கொப்பியில கறுத்துப் போய்க் கிடக்கு. மூக்கு மட்டும்தான் தெரியும். மூக்கு எங்கட மூக்குத்தானே."

வேறு நேரமாக இருந்தால் நான் சிரித்திருப்பேன். அவளும் சிரிப்பாள் என்று என் முகத்தைப் பார்த்தாள். நான் சிரிக்காததால் குரல் இறங்கிவிட்டது. தன் பெயரில் எடுத்திருக்கலாமே என்று கேட்டேன். "என்ட பேர் செத்துப் போச்சு. எங்க போனாலும் கம்பியூட்டரைப் பாத்திட்டு, போங்க என்டுறாங்க. அவட பேர் இஞ்ச சும்மாதானே கிடக்கு ராத்தா. அவ போறவ. போற புள்ளைக்கு இஞ்ச பேர் எதுக்கு? கட்டித்தான் வந்தன், இந்தக் கடைசி ஒன்டுதான் சறுக்கிட்டு."

பிறகு அவள் சொன்னதைத்தான் என்னால் இலகுவாகத் தள்ள முடியவில்லை. "வாப்பா செய்யல்லயா? ஒரு பேரைக் குடுத்துத்தானே அந்தக் குடும்பத்தை வாப்பா காப்பாத்தின. அப்ப அது நன்மை, நான் செஞ்சா களவா?" என்றாள்.

இது உனக்குத் தெரியாத கதை. யுத்த நேரம் மன்னாரிலிருந்து முஸ்லிம்களையெல்லாம் வெளியேற்ற, நாங்கள் இந்தக் கரைக்கு வந்தபோது எனக்குப் பன்னிரண்டு வயது, உன் சாச்சிக்கு ஐந்து. படகில் என் மடியில்தான் இருந்தாள். கற்பிட்டி வீதியோரம் ஓலைக் கொட்டிலில் இருந்தோம். பதிவு செய்ய வந்தவர்கள் குடும்ப அட்டையைக் கேட்டார்கள். பக்கத்துக் கொட்டிலில் இருந்த ஒரு பெண்ணிடம் ஒரு துண்டுகூட இல்லை. கையில் இரண்டு பிள்ளைகள், புருஷன் எங்கே என்று தெரியாது. என் வாப்பா அவளைத் தன் தங்கச்சி என்று சொல்லி எங்கள் அட்டையில் பதிவித்தார். அரிசி, பருப்பு, மா எல்லாம் அவளுக்கும் கிடைத்தது. அவள் பிள்ளைகள் பட்டினி கிடக்கவில்லை. இவ்வளவும் உண்மை, சாச்சி இதைத்தான் சொன்னாள். மிச்சத்தை அவள் அறியமாட்டாள், சின்னப் பிள்ளை. ஒரு மாதம் கழித்து வாப்பாவின் சொந்தத் தங்கச்சி, என் மாமி, வேறு வழியாக வந்து சேர்ந்தார். பதிகிறவர் அட்டையைப் பார்த்துவிட்டு, "உங்களுக்கு ஒரு தங்கச்சி இருக்கிறாவே, ஏற்கெனவே பதிஞ்சாச்சு" என்றார். மாமி நிறைய நாள் எங்கள் பங்கிலிருந்துதான் தின்றார். அவர் சாப்பிடும்போது யாரையும் நிமிர்ந்து பார்க்கமாட்டார். வாப்பா அந்தப் பெண்ணைப் பதிவித்ததற்கு ஒருநாளும் கவலைப்பட்டதில்லை. ஆனால் மாமி முன்னால் அதைப் பற்றிக் கதைத்ததும் இல்லை. ஒரு பெயரில் ஒரு ஆள்தான் இருக்கலாம் மகள். இன்னொருவர் ஏறி இருந்தால், சொந்தக்காரர் வந்து கதவைத் தட்டும்போது இடம் இருக்காது.

இதைச் சாச்சியிடம் சொன்னேன். அதோடு, வாப்பா தன் வாயால் தன் அட்டையைக் கொடுத்தார், என் மகளிடம் யாரும் கேட்கவில்லை என்றும் சொன்னேன். அவள் அழுதாள். அழுகை நின்றதும், "நீங்க கந்தோர் ஆள், உங்களுக்கு எல்லாத்துக்கும் அட்டை வேணும்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

நான் மறுபடி அந்த வங்கி அம்மாவைப் போய்ப் பார்த்தேன். அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். முதலில், நீ எடுக்காத ஒவ்வொரு கடனுக்கும் அதைக் கொடுத்த நிறுவனத்துக்கு, இது நானில்லை என்று எழுத்தில் அறிவிக்க வேண்டும். பொலிஸில் முறைப்பாடு போட்டு அதன் பிரதியையும் இணைக்க வேண்டும். அறிக்கை வைத்திருக்கும் அலுவலகத்துக்கும் அதே பிரதி போக வேண்டும். திருத்தியதாகப் பதில் வரும்வரை விடக் கூடாது, வந்த பிறகும் ஒருமுறை அறிக்கையை எடுத்துப் பார்க்க வேண்டும். உன் சம்மதம் இல்லாமல் அறிக்கையை யாரும் திறக்க முடியாதபடி இங்கே பூட்டலாமா என்று கேட்டேன். "அது எனக்கு நிச்சயமாச் சொல்லத் தெரியா. மகளையே அறிக்கை வெச்சிரிக்கிற இடத்தில கேட்டு, பதிலை எழுத்தில வாங்கச் சொல்லுங்க" என்றார். தெரியாததைத் தெரியாது என்று சொன்னதால் அவர் சொன்ன மற்றதையும் நம்பினேன்.

அவருடைய தம்பி நீ போகிற நாட்டில்தான் இருக்கிறாராம். அங்கே பூட்டு உண்டு. கடன் கொடுக்கிற யாருக்கும் உன் அறிக்கையைத் திறந்து காட்டக் கூடாது என்று தடை கேட்கலாம், அதற்குக் காசு இல்லை. அறிக்கை வைத்திருக்கும் இடங்கள் ஒன்றுக்கு மேல், ஒன்றிடம் கேட்கும்போதே மற்றவற்றுக்கும் சொல்லும்படி கேட்கலாம். முதலில் சில கிழமைகளுக்குத்தான் தருவார்கள், அது முடிய முன் நீடிக்கச் சொல்லி நீதான் கேட்க வேண்டும். உனக்கே ஒரு கடன் தேவைப்பட்டால் நீயே தடையை எடுக்கலாம். திறந்து பார்க்க முடியாத ஆளுக்கு யாரும் கடன் கொடுக்கப் போவதில்லை, அவ்வளவுதான் அதிலுள்ள சூட்சுமம்.

மெல்பனில் உன்னை யார் ஏமாற்றப் போகிறார்கள் என்று கேட்பாய். நீ போகிற வீட்டில் உன் மாப்பிள்ளையோடு இன்னும் நாலு பேர் இருக்கிறார்கள், எல்லாரும் நம் கரைப் பிள்ளைகள். போன கிழமை குடும்ப வட்ஸ்அப்பில் அவர்களில் ஒருவர் குரல் பதிவு போட்டிருந்தார்: "மச்சி வந்ததும் மச்சிட பேரில தவணைக்கு மூன்டு போன் எடுக்கலாம், எங்கட பேரெல்லாம் நிறைஞ்சு போச்சு. பாஸ்போட் கொப்பிய இப்பவே அனுப்பச் சொல்லுங்க." எல்லாரும் சிரிப்புப் படம் போட்டார்கள். நானும் போட்டேன். அது அந்த முற்றத்தில் சாச்சி உன் பெயருக்கு ஓம் என்றதற்கு முந்திய நாள். அந்தப் பிள்ளைகள் கெட்டவர்கள் இல்லை. சாச்சியும் கெட்டவள் இல்லை. அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது. முன்பின் தெரியாதவன் கேட்டால் நீ கொடுக்கமாட்டாய். உன்னை "மச்சி" என்று கூப்பிட்டு, உனக்குத் தேத்தண்ணி ஊற்றித் தருகிறவர் கேட்கும்போது இல்லை என்று சொல்ல நாங்கள் உனக்குப் பழக்கவில்லை. பாஸ்போட் பிரதியை அனுப்பாதே. அனுப்பியிருந்தால் யாருக்கு, எப்போது என்று குறித்து வை. கட்டாயம் கொடுக்க வேண்டிய இடத்தில், இன்ன தேவைக்கு மட்டும் என்று பிரதியின் மேலேயே, படத்தின் ஓரத்தில் படும்படி எழுதிக் கையெழுத்து வைத்துக் கொடு. போய்ச் சேர்ந்த கிழமையே அந்தத் தடையைக் கேள். உன் மாப்பிள்ளை கோவித்தால், என் உம்மா சொன்னா என்று சொல். என்மேல் கோவிக்கட்டும்.

இப்போது சொல்ல வேண்டியது ஒன்று இருக்கிறது. நேற்று அஸர் தொழுகைக்குப் பிறகு சாச்சி மறுபடி வந்தாள். அவள் மகளுக்கு வண்ணாத்திவில்லுவில் மாப்பிள்ளை பேசியிருக்கிறது, வருகிற வெள்ளிக்கிழமை அவர்கள் வீடு பார்க்க வருகிறார்கள். கடன் கொடுத்த நிறுவனத்தில் ஒரு வழி சொல்லியிருக்கிறார்களாம். பழைய மூன்றையும் மூடிவிட்டு ஒரே புதுக் கடனாக்கலாம். வங்கியில் நீ தொலைபேசி இலக்கத்தை மாற்றியதால், உறுதிப்படுத்துகிற எண் உன் போனுக்குத்தான் வரும்.

"ஆறு இலக்கம் ராத்தா, ஒரு நிமிஷ வேல. அவட்டக் கேட்டுச் சொல்லுங்க. அவட பேரும் வெள்ளையாகிடும், பொலிஸ் கதை இல்லாம என்ட புள்ளட கலியாணமும் நடந்திடும். பிறகு மாசாமாசம் நான் கட்டுறன்."

உண்மையைச் சொல்கிறேன், எனக்கு ஆசை வந்தது. எல்லாம் ஒரே நிமிஷத்தில் முடிந்துவிடும் போல இருந்தது. யாரும் பொலிஸுக்குப் போக வேண்டாம், ஒழுங்கையில் கதை வராது. உன் அறிக்கையில் அந்தக் கட்டாத கடனும் தெரியாது. ஆனால் புதுக் கடன் உன் கையால் எடுத்ததாக இருக்கும். இப்போது அது நானில்லை என்று நீ சொல்லலாம். அந்த எண்ணைக் கொடுத்த பிறகு சொல்ல முடியாது. அவள் கட்டாமல் விட்டால், இந்தக் கரைக்கு நீ எப்போது திரும்பி வந்தாலும் அது உனக்கு முன்னால் வந்து நிற்கும்.

"கேக்க மாட்டன்" என்றேன்.

"அப்ப என்னப் பொலிஸுக்கு அனுப்புங்க. வெள்ளிக்கிழம வாற ஆக்களுக்கு நீங்களே தேத்தண்ணி குடுங்க."

அதன் பிறகு நம் பக்கத்து யன்னலை அவள் திறக்கவில்லை. உன் வாப்பா உப்பளத்திலிருந்து வந்ததும் எல்லாவற்றையும் சொன்னேன். சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். "புள்ளட பேரைக் கழுவி அனுப்பு. சொந்தத்தப் பிறகு பாப்பம்" என்றார். பிறகு சோறு வேண்டாம் என்று படுத்துவிட்டார். அவருக்கும் அவள் தங்கச்சி மாதிரித்தான்.

ஆகையால் மகள், கொழும்பு வேலை முடிந்து வருகிற சனிக்கிழமையே நாங்கள் பொலிஸுக்குப் போகிறோம். முறைப்பாடு உன்னுடையது, நீதான் சொல்ல வேண்டும். சாட்சி நான். உன் பெயரைக் கூப்பிட்டபோது "ஓம்" என்று சொன்னது யார் என்று கேட்பார்கள், நான் சொல்வேன். அதைச் சொன்ன பிறகு இந்தச் சுவருக்குப் பக்கத்தில் எப்படி இருப்பது என்று எனக்குத் தெரியாது. அது நானும் உன் வாப்பாவும் பார்த்துக்கொள்ள வேண்டிய காரியம், நீ அதைப் பிளேனில் சுமந்துகொண்டு போக வேண்டாம்.

அதற்குள் அந்த ஆறு இலக்கம் உன் போனுக்கு வரும். சாச்சி உன்னைக் கூப்பிட்டு அழுவாள். நீ பிறந்தபோது முதலில் தூக்கியவள் அவள், அதையும் சொல்லுவாள், அது பொய்யில்லை. கொடுக்காதே. வெள்ளிக்கிழமை அந்த ஆட்கள் வாசலில் நிற்கும்போது அவள் என் காலில் விழுந்தால் நான் எப்படி இருப்பேன் என்று என்னால் உறுதி சொல்ல முடியாது. நானே போன் எடுத்து, அந்த நம்பரைச் சொல்லு மகள் என்று கேட்டாலும் கொடுக்காதே. என் குரல்தான் என்று உனக்கு நன்றாகத் தெரிந்தாலும் கொடுக்காதே. போனை வைத்துவிடு.